மேசா தொகுதியின் ரசல் பியர்ஸ் பற்றிய கேள்விக்கு விரிவான பதில்

அரிசோனாவின் ரசல் பியர்ஸ் யார், குடியேறிகளுக்கு எதிரான அந்தக் கடுமையான சட்டத்தை அவர் ஒருவரே கொண்டுவந்தாரா, அவ்வளவு செல்வாக்குள்ளவரை அவருடைய சொந்தத் தொகுதியே ஏன் வீட்டுக்கு அனுப்பியது, அவர் இனவாதியா என்று நான்கு கேள்விகளை அடுக்கியிருக்கிறீர்கள். முதல் மூன்றும் உண்மையில் ஒரே கேள்விதான். முதலமைச்சரைப் போன்ற அதிகாரமோ நாடறிந்த பெயரோ இல்லாத ஒரு சாதாரண மாநிலச் சட்டமன்ற உறுப்பினர் இவ்வளவு தூரம் போனது எப்படி என்பதே அது. நான்காவது வேறு வகை. அதைக் கடைசியில் பார்ப்போம். அமெரிக்க மாநில ஆட்சிமுறையைக் கல்லூரியில் பல ஆண்டுகள் கற்பித்தவன் என்ற முறையில் எழுதுகிறேன். சட்டமன்றப் பதிவுகளும் தீர்ப்புகளும் அந்நாளையச் செய்திகளும்தான் என் ஆதாரம். பியர்ஸை நேரில் அறிந்தவன் அல்லன்.

முதலில் அந்தச் சட்டமன்றத்தின் அமைப்பைச் சொல்லிவிடுகிறேன். அது தெரியாமல் மற்றது விளங்காது. அரிசோனாவில் 30 தொகுதிகள். ஒவ்வொன்றிலிருந்தும் செனட்டுக்கு ஒருவர், கீழவைக்கு இருவர் என மொத்தம் 90 பேர். இரண்டாண்டுக்கு ஒருமுறை தேர்தல். ஒரே அவையில் தொடர்ந்து நான்கு முறைக்கு மேல் இருக்க முடியாது. ஜனவரியில் கூடி, வேலையைச் சில மாதங்களில் முடித்துவிட்டுக் கலைவார்கள். பியர்ஸ் காலத்தில் சம்பளம் ஆண்டுக்கு 24,000 டாலர்; அதை உயர்த்த வேண்டுமானால் வாக்காளர்கள் ஒப்புதல் தர வேண்டும். இப்படிப்பட்ட அவையில் பெரும்பாலானவர்களுக்குச் சொந்தத் தொழில் ஒன்று வெளியே இருக்கும். கவனமும் பாதி அங்கேதான். பட்ஜெட்டைப் பக்கம் பக்கமாகப் படித்து, ஒரே விஷயத்தை எட்டு, பத்து ஆண்டுகள் விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிற ஒருவர் அங்கே தன் ஒற்றை வாக்கைவிடப் பெரியவராகிவிடுவார். பியர்ஸ் அத்தகையவர்.

அவர் 1947இல் மேசா நகரில் பிறந்தார். மாநிலத் தலைநகர் ஃபீனிக்ஸுக்குக் கிழக்கே உள்ள மேசா, 1878இல் மார்மன் என்ற கிறித்தவச் சபையைச் சேர்ந்த குடியேறிகள் உருவாக்கிய ஊர். பியர்ஸும் அந்தச் சபையைச் சேர்ந்தவர். பெரிய, வசதியற்ற குடும்பம். மாரிகோபா மாவட்டத்தின் காவல் துறையான ஷெரீஃப் துறையில் சேர்ந்து இருபது ஆண்டுகளுக்கு மேல் வேலை பார்த்தார். 1977இல் பணியின்போது சுடப்பட்டு ஒரு விரலை இழந்தார். ஜோ அர்பாயோ ஷெரீஃபாக வந்தபின் அவருக்கு அடுத்த நிலைவரை உயர்ந்தார். கொளுத்தும் பாலைவன வெயிலில் கைதிகளைக் கூடாரங்களில் தங்கவைத்த அர்பாயோவின் ‘கூடாரச் சிறை’ 1993இல் தொடங்கியபோது, அந்த யோசனையே தன்னுடையது என்று பியர்ஸ் பிற்காலத்தில் சொல்லிக்கொண்டார். அதன்பின் மாநில வாகனப் பதிவுத் துறையின் இயக்குநரானார். ஒருவருடைய ஓட்டுநர் பதிவு மாற்றப்பட்டது பற்றிய விசாரணைக்குப் பிறகு 1999இல் அந்தப் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். மறு ஆண்டே தேர்தலில் நின்று கீழவைக்குள் வந்துவிட்டார். அரசு வேலையில் பெயர் கெட்டு வெளியேறிய ஒருவருக்கு இது எப்படிச் சாத்தியமாயிற்று என்று மாணவர்கள் கேட்பதுண்டு. மேற்கு மேசா தொகுதியில், பியர்ஸின் குடியரசுக் கட்சி தன் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் உள் தேர்தலில் வென்றவருக்கு நவம்பர் பொதுத்தேர்தல் ஏறக்குறைய சம்பிரதாயம்தான். உள் தேர்தலில் வாக்களிக்க வருகிறவர்களோ குறைவு. அவர்களில் உறுதியான வலதுசாரிகளும் பழைய போலீஸ்காரர் என்ற பெயருக்கு மதிப்புத் தருகிறவர்களும் அதிகம்.

கீழவையில் அவர் நிதி ஒதுக்கீட்டுக் குழுவின் தலைவரானார். இந்த விவரம் செய்திகளில் அதிகம் வருவதில்லை, ஆனால் அவருடைய பலத்தின் வேர் இங்கேதான் இருந்தது. மற்ற உறுப்பினர்களின் தொகுதிக்கு வேண்டிய பணம் இந்தக் குழுவைத் தாண்டித்தான் போக வேண்டும். அவருடைய கொள்கையை வெறுத்தவர்கூட அவரைப் பகைத்துக்கொள்ளுமுன் இரண்டு முறை யோசித்தார். அரசுச் செலவைக் குறைப்பது, வரியைக் குறைப்பது, துப்பாக்கி உரிமையை விரிப்பது என்று வழக்கமான பழமைவாத நிரல் எல்லாமே அவரிடம் இருந்தது. உரிமம் இல்லாமல் துப்பாக்கியை மறைத்து எடுத்துச்செல்ல அனுமதித்த 2010ஆம் ஆண்டுச் சட்டமும் அவர் முன்வைத்த மசோதாதான். இருந்தாலும் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது, நாட்டில் தங்கச் சட்டப்படியான அனுமதி இல்லாத, அதாவது ஆவணமற்ற குடியேறிகள் பற்றிய ஒரே பொருள். 2004 டிசம்பரில் ஷெரீஃப் துறையில் வேலை பார்த்த அவருடைய மகன் ஒரு வீட்டைச் சோதனையிடப் போனபோது, ஆவணமின்றி நாட்டிலிருந்த ஒருவரால் சுடப்பட்டுப் படுகாயமடைந்தார், உயிர் பிழைத்தார். பியர்ஸின் தீவிரத்துக்கு இதுதான் காரணம் என்று எழுதுகிறவர்கள் உண்டு. தேதிகளைப் பார்த்தால் அது பொருந்தவில்லை. குடியுரிமைச் சான்று காட்டினால்தான் வாக்காளராகப் பதிய முடியும் என்ற 200ஆம் எண் முன்மொழிவு அதற்கு ஒரு மாதம் முன்பே, 2004 நவம்பரில், மக்கள் வாக்கெடுப்பில் வென்றுவிட்டது. அதை முன்னின்று ஆதரித்தவர்களில் பியர்ஸ் ஒருவர். மகனுக்கு நேர்ந்தது அவருடைய தீவிரத்தை ஆழமாக்கியிருக்கலாம். தொடக்கம் அது அல்ல.

அப்போது ஆளுநராக இருந்தவர் ஜனநாயகக் கட்சியின் ஜேனட் நபோலிடானோ. அமெரிக்காவில் ஆளுநர் என்பவர் மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும் ஆட்சித் தலைவர். மசோதாவைத் தடுத்து நிறுத்தும் அதிகாரம் அவருக்கு உண்டு. பியர்ஸின் மசோதாக்கள் பலவற்றுக்கு அந்தக் கதிதான் நேர்ந்தது. அவர் சுற்றுவழி ஒன்றைப் பிடித்தார். அரிசோனா அரசியலமைப்பின்படி, இரு அவைகளும் சாதாரணப் பெரும்பான்மையில் முடிவெடுத்தால் ஒரு சட்டத்தை ஆளுநரின் கையெழுத்து இல்லாமலே நேராக மக்கள் வாக்கெடுப்புக்கு அனுப்பிவிடலாம். 2006 நவம்பரில் அப்படி நான்கு முன்மொழிவுகள் வாக்குச்சீட்டில் வந்தன: கடுமையான குற்றம் சாட்டப்பட்ட, ஆவணமற்றவர்களுக்கு ஜாமீன் மறுப்பது, உரிமையியல் வழக்குகளில் அவர்களுக்குத் தண்டனை இழப்பீடு (எதிர்த்தரப்பைத் தண்டிக்கும் விதமாகக் கூடுதலாக விதிக்கும் தொகை) கிடைக்காமல் செய்வது, ஆங்கிலத்தை ஆட்சிமொழியாக்குவது, உள்ளூர் மாணவருக்கான குறைந்த கல்லூரிக் கட்டணத்தை ஆவணமற்றவர்களுக்கு மறுப்பது. நான்கும் வென்றன. அதே நாளில் அதே வாக்காளர்கள் நபோலிடானோவையும் பெரும் வித்தியாசத்தில் மீண்டும் ஆளுநராக்கினார்கள் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஜாமீன் மறுப்பை 2014இல் ஒன்பதாவது வட்ட மத்திய மேல்முறையீட்டு நீதிமன்றம் செல்லாது என்று தள்ளியது.

2007இல் வந்த தொழிலாளர் சட்டம்தான், என் பார்வையில், அவர் செய்தவற்றிலேயே சட்ட நுணுக்கத்தில் சிறந்தது. ஆவணமற்றவர்களைத் தெரிந்தே வேலைக்கு வைத்தால் நிறுவனத்தின் வணிக உரிமம் முதல் முறை நிறுத்திவைக்கப்படும், இரண்டாம் முறை அடியோடு பறிக்கப்படும். எல்லா முதலாளிகளும் மத்திய அரசின் மின்னணுச் சரிபார்ப்பு முறையைப் பயன்படுத்த வேண்டும். குடியேற்றம் மத்திய அரசின் அதிகாரம், மாநிலம் அதில் தலையிட முடியாது என்பது பொதுவிதி. ஆனால் மத்தியச் சட்டமே ‘உரிமம் வழங்கும் சட்டங்கள்’ என்று மாநிலங்களுக்கு ஒரு சிறு கதவைத் திறந்து வைத்திருந்தது. அந்தக் கதவு வழியாக இந்தச் சட்டம் உள்ளே போனது. நபோலிடானோவே கையெழுத்திட்டார். வணிகர் சங்கங்கள் வழக்குப் போட்டன. 2011 மே மாதம் உச்ச நீதிமன்றம் 5-3 என்ற கணக்கில் அரிசோனாவின் பக்கம் தீர்ப்பளித்தது.

கீழவையில் நான்கு முறை முடிந்ததும் விதிப்படி விலகி, 2009 ஜனவரியில் செனட்டுக்குள் நுழைந்தார். அதே மாதம் ஒபாமா அரசில் உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையை ஏற்க நபோலிடானோ வாஷிங்டன் போனார். அரிசோனாவில் அன்று துணை ஆளுநர் என்ற பதவியே கிடையாது. மாநிலச் செயலராக இருந்த குடியரசுக் கட்சியின் ஜேன் புரூவர் ஆளுநரானார். தடுக்கும் கை விலகியது. 2010 மார்ச் இறுதியில் எல்லையோரப் பண்ணையாளர் ஒருவர் தன் நிலத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். கொன்றவர் பிடிபடவில்லை, ஆனால் எல்லை தாண்டி வந்தவர்தான் என்று மாநிலமே நம்பியது. ஏப்ரலில், நீங்கள் கேட்ட அந்தக் கடுமையான சட்டம், பியர்ஸ் முன்வைத்த எஸ்.பி. 1070 என்ற மசோதாவாகச் செனட்டில் 17-11 என்று நிறைவேறியது. ஏப்ரல் 23 அன்று புரூவர் கையெழுத்திட்டார்.

அந்தச் சட்டத்தின் வாசகத்தைச் சற்று நெருங்கிப் பார்ப்பது நல்லது. போலீஸ்காரர் ஒருவருக்கு யாரிடமாவது ‘சட்டப்படியான தொடர்பு’ ஏற்பட்டு, அவர் ஆவணமற்றவர் என்று நியாயமான சந்தேகம் எழுந்தால், முடிந்தவரை அவருடைய குடியேற்ற நிலையைச் சரிபார்க்க வேண்டும் என்றது முதல் வடிவம். இனத்தையோ நிறத்தையோ ‘மட்டுமே’ வைத்து முடிவெடுக்கக் கூடாது என்றும் சொன்னது. அந்த ‘மட்டுமே’ பெரும் புயலைக் கிளப்பியது. அப்படியானால் இனம் ஒரு காரணமாக இருக்கலாமா என்று கேட்டார்கள். ஒரே வாரத்தில் திருத்த மசோதா வந்தது. ‘மட்டுமே’ நீக்கப்பட்டது, ‘தொடர்பு’ என்பது ‘நிறுத்தல், தடுத்துவைத்தல், கைது’ என்று சுருங்கியது. பலரும் கவனிக்காத இன்னொரு பிரிவும் இருக்கிறது. தங்கள் ஊர்ப் போலீஸ் இந்தச் சட்டத்தை முழு அளவில் செயல்படுத்தவில்லை என்று குடிமக்கள் யார் வேண்டுமானாலும் வழக்குப் போடலாம். தோற்றால் அந்தத் துறை நாள் கணக்கில் அபராதம் கட்ட வேண்டும். போலீஸ் தலைவர்கள் பலர் எதிர்த்ததற்கு இதுவும் ஒரு காரணம். பதிவுச் சான்று கையில் இல்லாமலிருப்பதை மாநிலக் குற்றமாக்கிய பிரிவைப் பற்றி, மேசாவுக்கு அடுத்துள்ள சாண்ட்லரில் வேலை விசாவில் இருந்த இந்தியக் குடும்பங்களும் பேசிக்கொண்டன. வயது வந்த வெளிநாட்டவர் சான்றைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்ற மத்திய விதி பல பத்தாண்டுகளாக இருந்தும் அதுவரை யாரும் அதைப் பெரிதாக எண்ணியதில்லை.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்வி. அவர் ஒருவரே கொண்டுவந்தாரா என்றால், இல்லை. சட்டப்பேராசிரியராக இருந்து பின்னாளில் கான்சஸ் மாநிலச் செயலரான கிரிஸ் கோபாக் வரைவில் முக்கியப் பங்கு வகித்தார், இதில் ஐயமில்லை. 2009 டிசம்பரில் வாஷிங்டனில், மாநில உறுப்பினர்களும் நிறுவனப் பிரதிநிதிகளும் கூடி மாதிரி மசோதாக்களைத் தயாரிக்கும் அலெக் என்ற அமைப்பின் கூட்டத்தில் இந்த யோசனை விவாதிக்கப்பட்டதும் உறுதி. அந்த அமைப்பில் தனியார் சிறை நிறுவனம் ஒன்றும் உறுப்பினராக இருந்தது. அதனால் ‘சிறை நிறுவனம் எழுதிக் கொடுத்த சட்டம்’ என்ற பேச்சு பரவியது. பியர்ஸும் அந்த நிறுவனமும் இதை மறுத்தார்கள். பியர்ஸ் இதே போன்ற பிரிவுகளை அந்தக் கூட்டத்துக்குப் பல ஆண்டுகள் முன்பே மசோதாக்களாகக் கொடுத்து, ஆளுநரிடம் இழந்திருக்கிறார் என்பதால், யோசனை அவருடையது என்று கொள்வதே பொருத்தம். அது மற்ற மாநிலங்களுக்கு வேகமாகப் பரவியதில் அந்த அமைப்புக்குப் பங்கு இருந்திருக்கும். 2011இல் யூட்டா, இந்தியானா, ஜார்ஜியா, அலபாமா, தென் கரோலினா ஆகியவை தங்கள் வடிவங்களை இயற்றின.

நடைமுறைக்கு வருவதற்கு முந்தைய நாளே, 2010 ஜூலை 28 அன்று, ஃபீனிக்ஸ் மத்திய நீதிபதி சூசன் போல்டன் முக்கியமான நான்கு பிரிவுகளை நிறுத்திவைத்தார். 2012 ஜூனில் உச்ச நீதிமன்றம் அவற்றில் மூன்றை ரத்து செய்தது: சான்று வைத்திராததைக் குற்றமாக்கியது, ஆவணமற்றவர் வேலை தேடுவதைக் குற்றமாக்கியது, நாடுகடத்தத்தக்கவர் என்று தோன்றுபவரைப் பிடியாணை இல்லாமல் கைது செய்ய அனுமதித்தது. போலீஸ் சரிபார்க்க வேண்டும் என்ற பிரிவை மட்டும் அப்போதைக்கு விட்டுவைத்தது. அரிசோனா தோற்றது என்று ஒரு பக்கமும் வென்றது என்று மறு பக்கமும் இன்றும் எழுதுகிறார்கள். நான்கில் மூன்று போனது என்பதுதான் கணக்கு. நின்ற ஒன்றும் 2016இல் ஏற்பட்ட சமரசத்தில், வெறும் சரிபார்ப்புக்காக யாரையும் நிறுத்தவோ தடுத்துவைக்கவோ கூடாது என்ற வழிகாட்டலோடு பெருமளவு அடங்கிப்போனது.

இந்தத் தீர்ப்பு வருமுன்பே பியர்ஸ் பதவியில் இல்லை. 2010 தேர்தல் முடிந்ததும் சக உறுப்பினர்கள் அவரைச் செனட் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். அவருடைய உச்சம் அது. சரிவும் அங்கேயே தொடங்கியது. 2011இல் அவர் அடுத்த கட்டத்துக்குப் போனார்: ஆவணமற்ற பெற்றோருக்கு அமெரிக்காவில் பிறக்கும் குழந்தைகளின் பிறப்புக் குடியுரிமையைக் கேள்விக்குள்ளாக்கும் மசோதாக்கள், மருத்துவமனைகள் நோயாளிகளின் குடியேற்ற நிலையைக் கேட்க வேண்டும் என்ற மசோதா என்று வரிசையாக வந்தன. எஸ்.பி. 1070க்குப் பின் மாநாடுகள் ரத்தாகி, புறக்கணிப்புகள் தொடங்கியிருந்த நேரம். அரிசோனாவின் பெரிய நிறுவனத் தலைவர்கள் 60 பேர் கையெழுத்திட்டு, இதோடு போதும் என்று கடிதம் எழுதினார்கள். மார்ச் 17 அன்று இந்த வரிசையில் வந்த ஐந்து மசோதாக்களும் செனட்டிலேயே தோற்றன. அங்கே குடியரசுக் கட்சிக்கு 30இல் 21 இடங்கள் இருந்தன என்பதை நினைவில் கொள்ளுங்கள். தலைவர் நாற்காலியில் இருந்துகொண்டே தன் சொந்தக் கட்சியினரிடம் அவர் தோற்றார்.

அப்போதே வெளியே அவரைத் திரும்ப அழைக்கக் கையெழுத்து வேட்டை நடந்துகொண்டிருந்தது. பதவிக்காலம் முடியுமுன்பே தேர்தல் வைத்து உறுப்பினரை வாக்காளர்கள் திரும்ப அழைக்கும் உரிமை அரிசோனாவில் மாநிலம் பிறந்த காலத்திலிருந்தே உண்டு. சொல்லப்போனால் அதற்கும் முன்பே: நீதிபதிகளையும் திரும்ப அழைக்கலாம் என்று வரைவு அரசியலமைப்பில் எழுதியிருந்ததால் 1911இல் குடியரசுத் தலைவர் டாஃப்ட் மாநிலத் தகுதி தர மறுத்தார். அந்த வரியை நீக்கி 1912 பிப்ரவரியில் மாநிலமானார்கள்; அதே ஆண்டு நவம்பரில் அதைத் திரும்பச் சேர்த்துக்கொண்டார்கள். இந்தக் குறும்பை நான் வகுப்பில் சொல்லாமல் விட்டதே இல்லை. ஆனால் கிட்டத்தட்ட நூறு ஆண்டுகளில் எந்தச் சட்டமன்ற உறுப்பினரும் இதன் வழியாகப் பதவி இழந்ததில்லை. கடைசித் தேர்தலில் அந்தப் பதவிக்கு விழுந்த வாக்குகளில் கால் பங்கு அளவு கையெழுத்து வேண்டும். பியர்ஸின் தொகுதிக்கு அது 7,756. ராண்டி பராஸ் என்ற அமைப்பாளரின் தலைமையில் திரட்டியவர்களுக்கு, சரிபார்ப்புக்குப் பின் செல்லத்தக்கவை என்று கிடைத்தது 10,365.

திரும்ப அழைக்கும் இந்தத் தேர்தலின் விதியில்தான் விஷயம் இருக்கிறது. கட்சிக்குள் நடக்கும் முதல்நிலைத் தேர்தல் இதற்குக் கிடையாது. ஒரே நாள், ஒரே சீட்டு, எல்லாக் கட்சியினரும் கட்சி சாராதவர்களும் சேர்ந்து வாக்களிக்க வேண்டும். பியர்ஸை எதிர்த்து நின்ற ஜெர்ரி லூயிஸும் குடியரசுக் கட்சிக்காரர், பழமைவாதி, மார்மன். பேச்சு மட்டும் மென்மையானது. ஜனநாயகக் கட்சி யாரையும் நிறுத்தவில்லை. மூன்றாவதாக ஒரு பெண்மணி மனுத் தாக்கல் செய்தார். வாக்கைப் பிரிக்க பியர்ஸின் ஆதரவாளர்கள்தான் அவரைக் கொண்டுவந்தார்கள் என்று வழக்கு வந்தது. அது உண்மைதான் என்று கண்டறிந்த நீதிபதி, அவரை நீக்க மட்டும் மறுத்துவிட்டார். பின்னர் அந்தப் பெண்மணியே விலகினார். இதில் பியர்ஸுக்கு நேரடித் தொடர்பு உண்டு என்று நிரூபிக்கப்படவில்லை. நவம்பர் 8 அன்று லூயிஸ் தெளிவான வித்தியாசத்தில் வென்றார். பதவியிலிருந்த ஒரு மாநில செனட் தலைவர் இப்படித் திரும்ப அழைக்கப்பட்டது அமெரிக்காவில் அதுவே முதல் முறை.

ஏன் தோற்றார்? தேர்தல் விதி ஒரு காரணம் என்று உறுதியாகச் சொல்வேன். வணிகர்களின் சலிப்பு, அமெரிக்கக் கால்பந்துப் போட்டி அமைப்பு ஒன்றிடமிருந்து உறுப்பினர்கள் பலர் இலவசப் பயணங்களும் டிக்கெட்டுகளும் பெற்ற விவகாரத்தில் அவர் பெயரும் அடிபட்டது (வழக்கு எதுவும் தொடரப்படவில்லை), இவையும் சேர்ந்தன. மார்மன் சபை அந்த ஆண்டுகளில் யூட்டாவில் குடியேறிகளிடம் மென்மையான அணுகுமுறையை ஆதரித்ததால் மேசாவின் மார்மன் வாக்குகள் அவரைக் கைவிட்டன என்றும் சொல்கிறார்கள். நம்பத்தக்கதாகத் தோன்றினாலும், மத வாரியாக வாக்கைப் பிரித்துக் காட்டும் திடமான கணக்கு இல்லாமல் அதை நான் ஊகத்தின் பக்கமே வைப்பேன். விதியை மட்டும் பழிசொல்லவும் முடியாது: 2012 ஆகஸ்டில் வழக்கமான கட்சி உள் தேர்தலில் மறுபடி நின்று, தொழிலதிபர் பாப் வோர்ஸ்லியிடம் தோற்றார். அந்த உள் தேர்தலில் கட்சி சாராதவர்களும் வாக்களிக்கலாம்தான்; ஆயினும் அது அவருடைய சொந்தக் களம். லூயிஸும் நெடுநாள் நீடிக்கவில்லை. எல்லை மாற்றி வரையப்பட்ட தொகுதியில் அதே ஆண்டு ஜனநாயகக் கட்சியிடம் தோற்றுப்போனார்.

இனவாதியா என்ற கேள்விக்கு வருகிறேன். ஒருவர் மனத்துக்குள் இருப்பதை நான் தீர்ப்புச் சொல்ல முடியாது. பதிவில் இருப்பதைச் சொல்லலாம். 1954இல் மெக்சிகோக்காரர்களைக் கூட்டம் கூட்டமாக வெளியேற்றிய நடவடிக்கையை 2006இல் வெளிப்படையாகப் புகழ்ந்தார். அதே ஆண்டு வெள்ளையர் பிரிவினை பேசும் அமைப்பு ஒன்றின் கட்டுரையை ஆதரவாளர்களுக்கு மின்னஞ்சலில் அனுப்பி, உள்ளடக்கத்தைக் கவனிக்கவில்லை என்று மன்னிப்புக் கேட்டார். பிற்பாடு நாஜி ஆதரவாளராக வெளிப்பட்ட உள்ளூர்க்காரர் ஒருவரோடு பழக்கம் வைத்திருந்தார், பின்னர் விலகிக்கொண்டார். அவருடைய ஆதரவாளர்கள் ஒவ்வொன்றுக்கும் விளக்கம் வைத்திருக்கிறார்கள். சட்டத்தை மதிப்பதுதான் தன் ஒரே அளவுகோல் என்று அவரும் கடைசிவரை சொன்னார். ஒன்று தற்செயலாக இருக்கலாம். இத்தனையும் தற்செயல் என்று ஏற்க எனக்கு மனம் வரவில்லை. ஆனால் அவருக்கு வாக்களித்த ஆயிரக்கணக்கானவர்களையும் அவர் சட்டங்களை வாக்கெடுப்பில் ஏற்ற மாநிலப் பெரும்பான்மையையும் அதே சொல்லால் அடிப்பதை ஏற்கமாட்டேன்.

அதன்பின் மாவட்டக் கருவூல அலுவலகத்தில் வேலை பார்த்தார். மாநிலக் கட்சியின் துணைத் தலைவர்களில் ஒருவராகவும் இருந்தார். 2014 செப்டம்பரில், அரசு மருத்துவ உதவி பெறும் ஏழைப் பெண்களுக்குக் கருத்தடையைக் கட்டாயமாக்க வேண்டும் என்ற பொருளில் வானொலியில் பேசியது வெடித்தது. வேறொருவர் எழுதியதைப் பெயர் குறிப்பிடாமல் படித்துவிட்டேன் என்று விளக்கம் சொல்லிக் கட்சிப் பதவியிலிருந்து விலகினார். 2023 ஜனவரி 5 அன்று, 75 வயதில் இறந்தார். மறு ஆண்டு அரிசோனாவின் குடியரசுக் கட்சிச் சட்டமன்றம், ஜனநாயகக் கட்சி ஆளுநரின் மறுப்பைத் தவிர்க்க அதே சுற்றுவழியில் 314ஆம் எண் முன்மொழிவை மக்களிடம் அனுப்பியது. அனுமதியின்றி எல்லை தாண்டுவதை மாநிலக் குற்றமாக்கும் அது நவம்பரில் எளிதாக வென்றது. ஆனால் 2012 தீர்ப்பு குறுக்கே நிற்பதால், டெக்சாஸின் இதே போன்ற சட்டமோ அதை ஒத்த வேறொரு மாநிலச் சட்டமோ தொடர்ந்து 60 நாள் நடைமுறையில் இருந்தால்தான் அந்த எல்லைப் பிரிவு உயிர்பெறும் என்று அதிலேயே நிபந்தனை எழுதிவைத்திருக்கிறார்கள்.